நமக்கு இரண்டு, அவர்களுக்கு ஒன்று

சான் பேத்ரோ, பசாயா
9 பிப்ரவரி 1981

அன்புள்ள பிசெந்தேவுக்கு,

நான் நலம். உங்கள் அப்பா நலம், நெரெயா நலம், கூரை மட்டும் நலமில்லை. சமையலறை மூலையில் மறுபடி ஒழுகுகிறது. நேற்று படகில் அக்கரைக் கோயிலுக்குப் போய் உங்களுக்காக ஒரு மெழுகுவர்த்தி ஏற்றிவிட்டு வந்தேன். அது அணைவதற்குள் எழுதிவிட வேண்டும் என்று உட்கார்ந்திருக்கிறேன்.

மீன்பிடிக்கப் போன இடத்தில், சான் பியர் தீவிலிருந்து நீங்கள் போட்ட கடிதம் வெள்ளிக்கிழமை வந்தது. நான்கு வரி. அதில் முதல் இரண்டு வரி கையுறை கிழிந்ததைப் பற்றி. கம்பளி வாங்கியாயிற்று, பின்னி அடுத்த கப்பலில் அனுப்புகிறேன். மூன்றாவது வரியில் பனிமூட்டம். நான்காவதில் நம் கால்பந்து அணி ரியால் என்ன ஆயிற்று என்று கேட்டிருக்கிறீர்கள். மகள் நெரெயா என்ன ஆனாள் என்று கேட்க ஐந்தாவது வரிக்குத் தாளில் இடமில்லை போலிருக்கிறது.

அவளுக்குக் கடைவாய்ப்பல் முளைத்துவிட்டது. இரண்டு ராத்திரி என்னைத் தூங்கவிடவில்லை. சுவரில் மாட்டியிருக்கும் உங்கள் படத்தைக் காட்டி இது யார் என்று கேட்டால் "மீன்காரர்" என்கிறாள். ஆனால் வாணம் வெடிக்கிற சத்தம் கேட்டால் போதும், வானத்தைப் பார்த்து "அப்பா" என்று கை தட்டுகிறாள். உங்கள் அப்பா அதைக் கேட்டுக் குலுங்கிக் குலுங்கிச் சிரிக்கிறார். எனக்கு அவ்வளவாகச் சிரிப்பு வரவில்லை.

வாணம் என்றதும் ஞாபகம் வருகிறது. வெளியூர் ஆட்டங்களுக்கு வாணம் விடும் வேலையை உங்கள் அப்பாவிடம் ஒப்படைத்துவிட்டுப் போனீர்கள். அவர் முழங்கால் அலைதடுப்புச் சுவர் வரைக்கும் போகுமா என்று யோசித்தீர்களா? முதல் ஆட்டத்தன்று பாதிப் படியில் உட்கார்ந்துவிட்டார். வேறு வழியில்லாமல் வாணங்களை நான் வாங்கிக்கொண்டேன். அவர் படியில் உட்கார்ந்தபடியே எனக்குப் பாடம் நடத்தினார்: "நல்லாக் கேட்டுக்கோ பொண்ணே. நம்ம ஆளு கோல் போட்டா ரெண்டு. எதிராளி போட்டா ஒண்ணு. கடல்ல வலை போட்டுக்கிட்டு இருக்கறவன் காதால எண்ணித்தான் தெரிஞ்சுக்குவான். தப்பா விட்டே, ஊரே உன்னைத் தின்னுடும்." பத்து வருஷமாக உங்கள் சட்டையில் கந்தக நாற்றத்தைத் துவைத்தவளுக்கு இது தெரியாதாம்.

உங்களைப் போலக் கையில் பிடித்துக்கொண்டு கொளுத்த நான் தயாரில்லை. காலி பாட்டில் ஒன்றைக் கொண்டுபோய் அதில் நிறுத்தி விட்டேன். ஃபெர்மினாவின் மதுக்கடை வாசலில் நின்ற ஆம்பிளைகள் எல்லாம் "பாட்டில்ல வச்சு விடறாளே, குழந்தைக்குப் பாலா குடுக்கறா"ன்னு சத்தம் போட்டார்கள். மூன்று வாணமும் நேராக மேலே போய் வெடித்தது. நீங்கள் விட்டால் மூன்றில் ஒன்றாவது மீன் ஏல மண்டபத்தின் கூரைக்குப் போகும் என்பது எல்லோருக்கும் தெரியும்.

ஆட்டத்தின் நிலவரம் கேட்டீர்கள். அத்லெதிகோ மட்ரிட் முன்னால் ஓடிக்கொண்டிருக்கிறது. நாம் பின்னால் இருக்கிறோம், ஆனால் மூச்சு வாங்கவில்லை. இப்போது உங்கள் முகம் எப்படி இருக்கும் என்று எனக்குத் தெரியும். ரியால் ஜெயிக்கவும் வேண்டும், ஜெயித்துத் தொலைக்கவும் கூடாது.

மறந்துவிட்டது என்று சொல்லாதீர்கள். போன மே மாதம், முப்பத்திரண்டு ஆட்டம் தோற்காமல் வந்து செவில்யாவில் தோற்றுக் கோப்பையைக் கோட்டைவிட்ட அன்று, ஃபெர்மினாவின் கடையில் எல்லோர் முன்னிலையிலும் தொப்பியை மேசையில் அடித்துச் சொன்னது நீங்கள்தான்: "ரியால் என்னிக்கு லீக் ஜெயிக்குதோ, அன்னிக்கே நான் கடலை விட்டுடறேன். இது சத்தியம்." குதிரைக்குக் கொம்பு முளைத்தால் பார்க்கலாம் என்கிற தைரியம். ஃபெர்மினா அதை ஆப்பிள் மதுப் பீப்பாயின் மூடியில் சுண்ணாம்புக் கட்டியால் எழுதி, கீழே உங்கள் கையெழுத்தையும் வாங்கிவைத்தாளே, அந்த மூடி இன்னும் கடையில்தான் தொங்குகிறது. நேற்றுகூட ஒரு தடவை போய்ப் பார்த்துவிட்டு வந்தேன்.

மேல்வீட்டு ஒத்தீலியாவுக்கு அவ்வப்போது சூப் கொண்டுபோய்க் கொடுக்கிறேன். நவம்பரில் கப்பலிலேயே போய்விட்ட புருஷன் செர்வாந்தோவின் சட்டைகளை இன்னும் வாரம் தவறாமல் துவைத்துக் காயப்போடுகிறாள்.

காலில் ஈரம் படாமல் பார்த்துக்கொள்ளுங்கள். கம்பிவடம் இழுக்கும்போது மற்றவர்கள் முன்னால் நிற்கட்டும்.

உங்கள்
கார்மெலே

~

சான் பேத்ரோ
21 ஏப்ரல் 1981

அன்புள்ள பிசெந்தேவுக்கு,

எல்லோரும் நலம். எழுத்து கோணலாக இருக்கும். உடம்புக்கு ஒன்றுமில்லை, ஞாயிற்றுக்கிழமையை நினைத்தால் இப்படி ஆகிறது.

இன்னும் ஒரே ஒரு ஆட்டம் பாக்கி. கிஹோனில். சமன் செய்தால் போதும். ஒரு புள்ளி, பிசெந்தே. அத்லெதிகோ மட்ரிட் கடைசி வாரங்களில் தடுக்கி விழுந்துவிட்டது. இப்போது நமக்குப் பின்னால் வருவது அந்த இன்னொரு ரியால், ரியால் மட்ரிட். அவர்கள் வய்யதொலிதில் ஜெயித்து நம்மோடு புள்ளியில் சமமாக வந்தாலும், நாமும் அவர்களும் மோதிய இரண்டு ஆட்டத்தையும் சேர்த்துப் பார்த்தால் நாம்தான் மேல். இங்கே நகரத்து அதோச்சா மைதானத்துக்கு வந்து மூன்று வாங்கி ஒன்று கொடுத்துவிட்டுப் போனார்களே, அதற்கு இப்போதுதான் பலன். அன்றைக்கு நகரத்தில் விட்ட வாணம் மேற்குக் காற்றில் இங்கே வரைக்கும் கேட்டது. உங்கள் அப்பா சமையலறையில் உட்கார்ந்து விரல் மடக்கி எண்ணினார்.

ஊரில் ஒருத்தருக்கும் புத்தி நிலையாக இல்லை. நெத்திலி வந்து குவிகிற மாதம், ஏலத்தில் விலை கேட்க ஆளில்லை. கிஹோனுக்குப் போக ஏழு பஸ் பேசியிருக்கிறார்கள். பாதிரியார் பிரசங்கத்தில் உயிர்த்தெழுதலைப் பற்றி ஆரம்பித்து இடது ஓர ஆட்டக்காரரின் முழங்காலில் கொண்டுவந்து முடித்தார். பஸ்ஸில் எனக்கும் ஒரு இடம் தருவதாகச் சொன்னார்கள். எப்படிப் போவேன்? வாணம் யார் விடுவது?

உங்கள் கடிதம் வந்தது. இந்தத் தடவை ஏழு வரி. சத்தியம் செய்தது குடித்துவிட்டுச் சொன்ன பேச்சு என்று எழுதியிருக்கிறீர்கள். ஆப்பிள் மது குடித்து யாரும் அவ்வளவு தெளிவாகக் கையெழுத்துப் போட்டதில்லை. நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். தவளைக்காவது கையெழுத்துப் போடத் தெரியாது. கரையிலேயே இருக்கலாம் என்று நான் சொன்ன ஐஸ் ஃபாக்டரி வேலை பயந்தாங்கொள்ளிகளுக்கு என்றும் எழுதியிருக்கிறீர்கள். அதை மூன்று தடவை படித்தேன்.

ஐஸ் ஃபாக்டரி முதலாளி தோன் அனாஸ்தாசியோவை நானே போய்ப் பார்த்தேன். கோபப்படுங்கள், பரவாயில்லை, ஏழாயிரம் அலைக்கு அப்பாலிருந்து உங்கள் கோபம் இங்கே வந்து சேர ஒரு மாதம் ஆகும். இயந்திரம் தெரிந்த ஆள் வேண்டுமாம். "பிசெந்தே வந்தா நாளைக்கே சாவியைக் குடுப்பேன். ஆனா அவன் வர மாட்டானே அம்மா. கடல்காரன் கரையில நின்னா அவனுக்கே தலை சுத்தும்"னு சொன்னார். புனித பேதுரு திருநாள் வரைக்கும், அதாவது ஜூன் இருபத்தொன்பது வரைக்கும், அந்த இடத்தை யாருக்கும் தர மாட்டேன் என்று வாக்குக் கொடுத்திருக்கிறார். உங்கள் கப்பல் ஜூன் பாதிக்குள் வந்துவிடும். நாட்காட்டியில் கணக்குப் பார்த்துவிட்டேன்.

இன்னொரு விஷயம். உங்கள் கம்பளிச் சட்டையைத் தேடிப் பெட்டியைக் கிளறினேன். அடியில் உங்கள் கல்யாணச் சட்டை. அதற்குள் சுருட்டி வைத்த இரண்டு வாணங்கள். முதலில் எதற்கு என்று புரியவில்லை. காம்பில் பென்சிலால் "செவில்யா" என்று எழுதியிருந்தது. அப்புறம்தான் உறைத்தது. இரண்டுக்கு ஒன்று என்று தோற்றுக்கொண்டிருந்த போது, நம் ஆள் ஒரு கோல் போடுவான் என்று கையில் எடுத்துவைத்துக் காத்திருந்தீர்களே, அந்த இரண்டு. விடாத வாணத்தைத் தூக்கியெறியவும் மனம் வராமல், அடுத்த ஆட்டத்துக்கு எடுக்கவும் மனம் வராமல் கல்யாணச் சட்டைக்குள் ஒளித்துவைத்திருக்கிறீர்கள். இவ்வளவு பெரிய மனுஷன். நான் பெட்டிக்குப் பக்கத்தில் உட்கார்ந்து சிரித்தேன், பிறகு கொஞ்சம் அழுதேன், பிறகு இருந்தபடியே சுருட்டி வைத்துவிட்டேன். அவை உங்களுடையவை.

ஃபெர்மினா ஒரு தீர்மானம் போட்டிருக்கிறாள். செவில்யா ஆட்டத்தின் கடைசிப் பத்து நிமிஷத்தை ரேடியோவில் கேட்டதால்தான் தோற்றோமாம். அதனால் இந்தத் தடவை கடைசிப் பத்து நிமிஷம் கடையில் ரேடியோ கிடையாது. எல்லோரும் வெளியே வந்து அலைதடுப்புச் சுவரைப் பார்த்துக்கொண்டு நிற்க வேண்டும். "ரேடியோக்காரன் வாய் என்ன வேணா சொல்லும். நம்ம வாணம் பொய் சொல்லாது" என்பது அவள் கட்சி. உங்கள் அப்பாவுக்கு டாக்டரே ரேடியோவைத் தடுத்துவிட்டார். ஆக மொத்தம் ஊர் முழுக்க என் கையை நம்பி இருக்கிறது.

உங்கள் அப்பா வாணம் வாங்கிவந்துவிட்டார். ஆறு. அதற்கு ஒரு நியாயம் வேறு: "அவங்களுக்கு ரெண்டு கோல், நமக்கு ரெண்டு கோல். அதுக்கு மேல யாரும் போட மாட்டான், வாங்கினா தண்டம்."

நீங்களும் அங்கே ரேடியோ கேட்பீர்கள் என்று தெரியும். கேளுங்கள். ஒவ்வொரு கோலுக்கும் நான் இங்கே என்ன பாடுபடுகிறேன் என்றும் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள்.

உங்கள்
கார்மெலே

~

சான் பேத்ரோ
27 ஏப்ரல் 1981

என் பிசெந்தே,

ஜெயித்துவிட்டோம்.

உங்களுக்கு இது தெரிந்திருக்கும். கப்பல் ரேடியோவில் கேட்டுக் குதித்திருப்பீர்கள். ஆனால் நீங்கள் கேட்டது கிஹோனில் நடந்த ஆட்டம். இங்கே நடந்தது வேறு. அதை நான்தான் சொல்ல முடியும், தொண்டை போய்விட்டதால் எழுதித்தான் சொல்ல முடியும்.

கிஹோனில் கொட்டிய அதே மழை இங்கேயும் கொட்டியது. உங்கள் எண்ணெய்த்துணிக் கோட்டைப் போட்டுக்கொண்டு, ரேடியோவைப் பிளாஸ்டிக் பையில் கட்டி, பாட்டிலையும் ஆறு வாணத்தையும் எடுத்துக்கொண்டு நான் கிளம்பினேன். நெரெயாவை ஒத்தீலியாவிடம் விடப் போனால் அவள் குழந்தையை உங்கள் அப்பா மடியில் வைத்துவிட்டுத் தன் பெரிய கறுப்புக் குடையை எடுத்துக்கொண்டு என்னோடு வந்தாள். நவம்பருக்குப் பிறகு அவள் அலைதடுப்புச் சுவர்ப் பக்கம் காலெடுத்து வைத்ததில்லை. "குடை பிடிக்க ஒரு ஆள் வேணும்ல, நெருப்பை எப்படிக் கொளுத்துவே"ன்னு மட்டும் சொன்னாள்.

ஆரம்பத்திலேயே பெனால்டியில் நம் கோல். இரண்டு வாணம். குன்றுகள் இரண்டும் எதிரொலித்தன, அக்கரையில் ஜனங்கள் சட்டியைத் தட்டினார்கள். இடைவேளைக்கு முன்னால் அவர்கள் ஒன்று போட்டார்கள். ஒரு வாணம். அதைக் கொளுத்தும்போது தீக்குச்சி எரியவே கூடாது என்று வேண்டிக்கொண்டேன். இடைவேளை முடிந்து வந்தவுடனே அவர்கள் இன்னொன்று போட்டார்கள். நான்காவது வாணம். ஒத்தீலியா குடையை இறுகப் பிடித்துக்கொண்டாள். அக்கரையில் சட்டிச் சத்தம் நின்றுவிட்டது.

அப்புறம் நேரம் நகரவே இல்லை என்று எல்லோரும் சொல்கிறார்கள். எனக்கோ அது ஓடியது. பத்து நிமிஷம் பாக்கி இருக்கும்போது ஃபெர்மினா தன் தீர்மானப்படி ரேடியோவை அணைத்துவிட்டு எல்லோரையும் வெளியே துரத்தினாள். துறைமுகக் கரை முழுக்கக் குடைகள். எல்லா முகமும் என்னைப் பார்க்கிறது. என் பையிலிருந்த ரேடியோவோ, வய்யதொலிதில் ஆட்டம் முடிந்துவிட்டது, மட்ரிட் ஜெயித்துவிட்டது, அவர்கள் ஆட்டக்காரர்கள் கட்டிப்பிடித்துக் கொண்டாடுகிறார்கள் என்கிறது. செவில்யா மறுபடி வந்துவிட்டது. உண்மையைச் சொல்கிறேன், அந்த நிமிஷம் எனக்குக் கோப்பை ஞாபகமே இல்லை. ஐஸ் ஃபாக்டரி சாவிதான் கண்ணுக்குள் நின்றது. மீதியிருந்த இரண்டு வாணத்தையும் கையில் எடுத்தேன். ஒன்றைக் கக்கத்தில் இடுக்கினேன். இன்னொன்றை ஏப்ரன் பைக்குள் செருகினேன். ஏப்ரன் தொப்பலாக நனைந்திருந்தது என்பது எனக்கு உறைக்கவில்லை.

கடைசி நிமிஷம். ரேடியோவில் ஒரே இரைச்சல். யாரோ பந்தை உதைத்தார்கள், யார் மேலோ பட்டது, அப்புறம் அந்த அறிவிப்பாளர் கத்தினார் பாருங்கள், அது வார்த்தையே இல்லை. யார் போட்டார் என்று உங்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. இரண்டுக்கு இரண்டு. சமன். லீக் நம்முடையது. வரலாற்றிலேயே முதல் தடவை.

கக்கத்தில் இருந்ததைப் பாட்டிலில் நிறுத்திக் கொளுத்தினேன். மேலே போனது, வெடித்தது. ஏப்ரனில் இருந்ததை எடுத்துக் கொளுத்தினேன். உஸ் என்றது. கொஞ்சம் புகைந்தது. பாட்டிலிலிருந்து சாய்ந்து தண்ணீரில் விழுந்தது.

நமத்துப்போய்விட்டது, பிசெந்தே.

ஊருக்குக் கேட்டது ஒன்று.

ஒன்று என்றால் என்ன அர்த்தம் என்று இந்த ஊரில் பால்குடிக் குழந்தைக்கும் தெரியும். கிஹோன் மூன்றாவது கோல் போட்டுவிட்டது என்றுதான். அக்கரையில் ஜன்னல்கள் ஒவ்வொன்றாக மூடுவதை நான் இங்கிருந்து பார்த்தேன். கரையில் நின்ற குடைகள் கலைய ஆரம்பித்தன. ஃபெர்மினா கதவில் கட்டியிருந்த நீல வெள்ளைக் கொடியை அவிழ்த்தாள். நாங்கள் இரண்டு பேரும் கத்துகிறோம், கையை ஆட்டுகிறோம். அந்த மழையிலும் அலையிலும் எங்கள் கத்தல் எங்களுக்கே கேட்கவில்லை. நாங்கள் அழுவதாக அவர்கள் நினைத்துக்கொண்டார்களாம். வீட்டில் ரேடியோ கேட்ட ஒருத்தன் "சமன்! சமன்!"னு கத்திக்கொண்டு தெருவில் ஓடிவந்தானாம். "சாவு வீட்டுல வந்து கேலி பண்றியா"ன்னு அவனை நாலு பேர் சட்டையைப் பிடித்துவிட்டார்கள். ரேடியோவையும் அவனையும் நம்பவில்லை, வாணத்தை நம்பினார்கள். இந்த ஊர் இப்படித்தான்.

கையில் வேறு வாணம் இல்லை. ஆறுக்கு மேல் வாங்கினால் தண்டமாயிற்றே.

அப்போதுதான் பெட்டி ஞாபகம் வந்தது. கோட்டைக் கழற்றி எறிந்துவிட்டு ஓடினேன். தொண்ணூற்றிரண்டு படியையும் எப்படி ஏறினேன் என்று தெரியாது. ஒரு செருப்பு நாற்பதாவது படியில் இன்று காலை கிடைத்தது. வீட்டுக்குள் நுழைந்தால் உங்கள் அப்பா தொப்பியைக் கழற்றி மேசைமேல் வைத்துவிட்டு உட்கார்ந்திருக்கிறார். நெரெயா அவர் மடியில் தூங்குகிறாள். என்னைப் பார்த்ததும் "அவ்வளவுதான் பொண்ணே, என் ஆயுசுல இல்ல, விடு"ன்னு சொன்னார். பெட்டியைத் திறந்து கல்யாணச் சட்டையை உதறினேன். உங்கள் இரண்டு வாணமும் ஒரு வருஷமாக அந்தச் சட்டைக்குள் எலும்பு மாதிரி காய்ந்து கிடந்தன.

உங்களைக் கேட்காமல் எடுத்தேன். மன்னியுங்கள். மேல்மாடத்தில் பூந்தொட்டியில் இரண்டையும் சேர்த்து நட்டுவைத்துக் கொளுத்தினேன். உள்ளேயிருந்து உங்கள் அப்பா "வீட்டைக் கொளுத்தறாளே பாவி, உனக்குப் பைத்தியமா"ன்னு கத்துகிறார். முதல் வாணம் போனது. இரண்டாவது போனது. இரண்டும் துறைவாய்க்கு மேலே வெடித்தன. கரையில் நடந்துகொண்டிருந்த ஒவ்வொரு குடையும் நின்றுவிட்டது.

அப்புறம் கட்டியிருந்த இழுவைப் படகு ஒன்று ஊதியது. அதைக் கேட்டு இன்னொன்று. பிறகு துறைமுகத்தில் இருந்த எல்லாப் படகும் கப்பலும் ஊதின. மூடிய ஜன்னல்கள் எல்லாம் திறந்தன. உங்கள் அப்பா முழங்காலை மறந்து மாடத்துக்கு வந்து நின்றார். "ரெண்டு கேட்டுச்சு. இது எந்த ஆட்டத்துக்கு?"ன்னு கேட்டார். கிஹோனுக்கும் சேர்த்து, செவில்யாவுக்கும் சேர்த்து என்றேன். அவர் தொப்பியை எடுத்துத் தலையில் வைத்துக்கொண்டு, சத்தமே இல்லாமல் அழுதார். நெரெயா விழித்துக்கொண்டு வானத்தைப் பார்த்து "அப்பா வந்தாச்சு" என்றாள். ஒரு பத்துத் தடவையாவது சொல்லியிருப்பாள்.

ஒத்தீலியா எனக்குப் பின்னால் மூச்சிரைக்க வந்து, நேராகத் தன் வீட்டு மாடத்துக்கு ஏறினாள். கொடி எதுவும் அவளிடம் இல்லை. கயிற்றில் ஈரமாகத் தொங்கிய செர்வாந்தோவின் நீலக் கட்டம் போட்ட சட்டையை உருவி, தலைக்கு மேலே சுழற்றினாள். இருட்டும் வரைக்கும் சுழற்றினாள். பிறகு அதை மடித்து உள்ளே கொண்டுபோனாள். இன்று காலை கயிற்றில் அது இல்லை.

கொண்டாட்டத்தைச் சொல்ல எனக்கு இந்தத் தாள் போதாது. ஃபெர்மினா பீப்பாயைத் தெருவில் உருட்டித் திறந்துவிட்டாள். பாதிரியார் பாடினார், நன்றாகவே பாடினார். கிஹோனிலிருந்து பஸ்கள் விடியற்காலையில்தான் வந்தன. வந்தவர்கள் யாருக்கும் குரல் இல்லை, சிலருக்குச் செருப்பும் இல்லை. நான் மட்டும் இல்லை பாருங்கள்.

அப்புறம் அவர்கள் நம் வாசலுக்கு வந்தார்கள். அந்தப் பீப்பாய் மூடியைச் சாமி தூக்குகிற மாதிரி நாலு பேர் தோளில் தூக்கிக்கொண்டு, பின்னால் மேளம். உங்கள் சத்தியத்தை ஒருத்தன் உரக்கப் படித்தான், மற்றவர்கள் உங்கள் கையெழுத்துக்குக் கை தட்டினார்கள். தோன் அனாஸ்தாசியோவும் குடித்திருந்தார். "ரியால் சொன்னதைச் செஞ்சுட்டான். பிசெந்தே செய்வானா?"ன்னு எல்லோர் முன்னாலும் என்னைக் கேட்டார். எல்லோரும் என் வாயைப் பார்த்தார்கள். அவர் கப்பலைக் கேளுங்கள் என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டேன்.

இரவு முழுக்க யோசித்தேன். பீப்பாய் மூடியைக் காட்டி உங்களைக் கரையில் கட்டிப்போட எனக்கு விருப்பமில்லை. ஊர் சிரிக்குமே என்று நீங்கள் ஐஸ் ஃபாக்டரிக்குப் போனால், ஒவ்வொரு நாளும் ஜன்னல் வழியாகத் துறைவாயைப் பார்த்துக்கொண்டு நிற்பீர்கள், நான் உங்கள் முதுகைப் பார்த்துக்கொண்டு நிற்பேன். மூடியை நாளைக்கே ஃபெர்மினாவிடம் வாங்கிக் கழுவிவிடுகிறேன். சத்தியம் தீர்ந்தது. இனிமேல் நான் கேட்பது என் பேரில் மட்டும்.

வெளியூரிலிருந்து வரும் கப்பல் துறைவாயில் நுழையும்போது ஒரு தடவை ஊதும். கல்யாணம் ஆனதிலிருந்து அந்த ஒரு சத்தத்துக்காகத்தான் நான் சுவரில் போய் நிற்கிறேன். நவம்பரில் உங்கள் கப்பல், சாவைச் சுமந்து வரும் கப்பலைப் போல, ஊதாமலே உள்ளே வந்தது. ஒத்தீலியாவும் நானும் பக்கத்தில் பக்கத்தில் நின்றிருந்தோம். யாருக்கு என்று தெரிய இருபது நிமிஷம் ஆயிற்று. அந்த இருபது நிமிஷத்தைப் பற்றி நான் உங்களிடம் இதுவரை பேசியதில்லை, இப்போதும் எழுதப்போவதில்லை.

ஜூனில் வரும்போது காப்டனிடம் ஒரு தயவு கேளுங்கள். மறுபடி கடலுக்குப் போவதென்றால் எப்போதும் போல ஒரு தடவை ஊதுங்கள். நான் கேட்டுக்கொள்வேன், கோபப்பட மாட்டேன், உங்கள் கையுறையைப் பின்ன உட்கார்ந்துவிடுவேன். கடிதத்தில் காரணம் எழுத வேண்டாம். இறங்கி வந்து விளக்கமும் சொல்ல வேண்டாம். நான் நெரெயாவை இடுப்பில் வைத்துக்கொண்டு சுவரின் கடைசியில் நிற்பேன். அவளுக்கு இப்போது எண்ணத் தெரியும், இரண்டு வரைக்கும்.

காற்று உங்கள் முதுகுப் பக்கமிருந்தே வீசட்டும். பனிமூட்டம் விலகட்டும். வடம் அறாமல் இருக்கட்டும். போன எல்லோரும் எண்ணிக்கை குறையாமல் வந்து சேரட்டும்.

அவர்களுக்கு ஒன்று, பிசெந்தே. நமக்கு இரண்டு.

உங்கள்
கார்மெலே